பின் சீட்டுக்கு அடியில்

"போன வாரம் காத்தடிக்கிற கம்ப்ரஸரை மாத்தச் சொன்னது நான்தான் அண்ணே. தப்பு என்னோடது. பழசு நல்லாத்தான் இருந்திருக்கு."

பட்டறையின் மெக்கானிக் பெண் இப்படிச் சொன்னதற்கு டிரைவர் கோபப்படவில்லை. அந்தப் பெரிய கறுப்பு வண்டி ஒரு பின்னங்காலை மடக்கிக்கொண்ட யானை மாதிரி இடது பக்கம் சாய்ந்து நிற்பதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இப்ப அந்தக் கதை எதுக்கும்மா? சாயங்காலம் சார் வர்றாரு. 'வேகத்தடையில தூக்கித் தூக்கிப் போட்டு வண்டியை உடைச்சுட்டே. உன் தப்புன்னா நாளையிலேருந்து வேற ஆளு'ன்னுட்டாரு."

"நீங்க அப்படியா ஓட்டுறீங்க?"

"நானா? நான் ஓட்டினா பின்னாடி உக்காந்து ஊசியில நூல் கோக்கலாம்."

பக்கத்து வண்டிக்கு அடியிலிருந்து மேஸ்திரியின் தலை நீண்டது. அவள் மாலை வகுப்பில் வண்டி எலக்ட்ரானிக்ஸ் படிக்கிறாள் என்பதால் பட்டறையில் அவளுக்கு 'டியூஷன்' என்று பெயர்.

"ஏய் டியூஷன், இன்னிக்காவது பாஸாவியா? இல்ல, இன்ஜினை மாத்தச் சொல்லப்போறியா?"

அவளுக்குச் சென்ற வாரம் அவசரப்பட்டது உறுத்திக்கொண்டே இருந்தது. இந்த வண்டியைத் தாங்குவது சுருள் கம்பியல்ல, காற்றடைத்த ரப்பர் பைகள். காற்று எப்படிப் போகிறது என்று ஒவ்வொன்றாகப் பார்த்தாள். பையிலும் குழாயிலும் சோப்புத் தண்ணீர் தடவினாள். ஒரு குமிழும் வரவில்லை. உயரம் பார்க்கும் சென்சார் சரியாகத்தான் சொன்னது. வால்வுக்கு நேராக கரண்ட் கொடுத்தாள். டக்கென்று திறந்தது, எடுத்ததும் மூடிக்கொண்டது. தன் மேலேயே நம்பிக்கை வராமல் எல்லாவற்றையும் இன்னொரு தடவை பார்த்தாள்.

"அண்ணே, பை கிழியவே இல்ல. வண்டி நிக்கிறப்ப யாரோ வால்வைத் திறந்து காத்தை விட்டுடுறாங்க."

"பேயா?" டிரைவர் சிரித்தார்.

"பேய்தான். கன்ட்ரோல் மாட்யூல்னு பேரு. சாவியை எடுத்த அப்புறமும் வால்வுக்கு கரண்ட் அனுப்பிக்கிட்டே இருக்கு. பின் சீட்டுக்கு அடியில இருக்கும். சீட்டைக் கழட்டணும்."

டிரைவரின் சிரிப்பு நின்றது. "கழட்டாம முடியாதா?"

"முடியாதே."

"நீ ஏம்மா கஷ்டப்படுறே, நான் கழட்டித் தர்றேன்..."

அதற்குள் அவள் போல்ட்டைத் திருகிவிட்டாள். சீட்டைத் தூக்கி விரிப்பை விலக்கியதும் புளித்த வாடை மூக்கில் அடித்தது. மாட்யூலின் மேல் வெள்ளை வெள்ளையாக ஏதோ காய்ந்து ஒட்டியிருந்தது. மூடியைத் திறந்தால், உள்ளே பச்சை பூத்துக் கிடந்தது.

"பால்!" அவளுக்குத் துள்ளிக் குதிக்கலாம் போலிருந்தது. "யாரோ பாலைக் கொட்டியிருக்காங்க அண்ணே. வேகத்தடைக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. தப்பிச்சீங்க!"

தப்பித்தவர் முகமாக அது இல்லை.

"பாலுன்னு சொல்ல வேணாம்மா. தண்ணின்னு சொல்லிடேன்."

"தண்ணின்னா, வண்டி கழுவினது யாருன்னு கேப்பாரு. உங்க தலையிலதான் விடியும்."

"கழுவுறப்ப பட்டுடுச்சுன்னு திட்டு வாங்கிக்கிறேன். காலில விழுந்தாவது சமாளிச்சுக்கிறேன்."

சார் வீட்டுக் குழந்தை மேல் குற்றம் சொல்லப் பயப்படுகிறார் என்று அவளுக்குத் தோன்றியது. பரிதாபமாகவும் இருந்தது, எரிச்சலாகவும் இருந்தது.

"செய்யாத தப்புக்கு எதுக்கு அண்ணே காலில விழணும்? நீங்க பேசாம நில்லுங்க, நான் பேசிக்கிறேன்."

மதியம் புது மாட்யூல் வந்தது. அதைப் பொருத்தி, இந்த வண்டியின் விவரங்களை ஏற்றினாள். நான்கு மூலையிலும் டேப் வைத்து அளந்து உயரத்தைப் பதிய வைத்தாள். கம்ப்ரஸர் முனகியது. சாய்ந்திருந்த பக்கம் மெல்ல எழுந்து மற்றதோடு சமமாக நின்றது.

டிரைவர் குனிந்து பார்த்தார். "ராத்திரி முழுக்க இப்படியே நிக்குமா? ஒரு பக்கமா சாயாதே? ராத்திரியில வண்டி என்கிட்டதான் நிக்கும்."

"விடிய விடிய நிக்கும். நான் கேரண்டி."

சாயங்காலம் சார் வந்தார். அதட்டிப் பேசாத, மெதுவான மனிதர். பழைய மாட்யூலைத் திறந்தபடியே அவர் முன்னால் வைத்து, வகுப்பில் ஆசிரியர் முன்னால் ஒப்பிப்பது போல் ஒன்று விடாமல் சொன்னாள்.

"இவர் ஓட்டினதுல ஒரு குறையும் இல்ல சார். பை, குழாய், வால்வு எல்லாமே நல்லா இருக்கு. இது குழந்தைக்குக் கொண்டுபோன பாலு. சீட்டுல பாட்டில் சாஞ்சு உள்ள இறங்கியிருக்கு. பிள்ளைங்க இருந்தா இதெல்லாம் சகஜம்தானே? இனிமே ஒரு ரெக்ஸின் விரிச்சுக்கச் சொல்லுங்க வீட்டுல."

தூரத்தில் மேஸ்திரி கட்டை விரலை உயர்த்திக் காட்டினார். பாஸ்.

சார் மாட்யூலை எடுத்து மோந்து பார்த்தார்.

"யார் வீட்டுல? எனக்குக் கல்யாணமே ஆகலையேம்மா."

அவள் திரும்பிப் பார்த்தாள். டிரைவர் அவளைப் பார்க்கவில்லை. யாரும் கேட்காமலே சாவியை எடுத்து சாரின் கையில் வைத்தார்.

"வீட்டைக் காலி பண்ணினதிலேருந்து பொண்டாட்டி பிள்ளைங்க ராத்திரி இதுலதான் சார் படுக்குறாங்க. இன்னிக்கு ஒரு ராத்திரி மட்டும் படுத்துக்கட்டுமா?"

சார் சாவியைப் பையில் போட்டுக்கொண்டு, அவரைத் தாண்டி அவளிடம் சொன்னார்: "நாளைக்குக் காலையில சீட்டையெல்லாம் கழட்டி நல்லாக் கழுவி வச்சிடும்மா."