சிவப்புத் துண்டு

வாசல் கொடியில் சிவப்புத் துண்டைத் தொங்கவிட்டுவிட்டு அவள் உள்ளே வந்தாள்.

துண்டு தொங்கும்வரை யாரும் வாய் திறக்கக் கூடாது. வால்பாறை எஸ்டேட்டின் அந்த வரிசை வீடுகளில் காலையில் கதவு கதவாகத் தட்டிக் கேட்டுக்கொண்டது அது ஒன்றைத்தான்.

அவள் எடுப்பது சின்னப் படம்; பிறகு டப்பிங் பேச வைக்க வசதியில்லை. இங்கே பதிவாகும் குரல்தான் படத்தில் வரும்.

இதே காட்சி காலையிலிருந்து கெட்டுக்கொண்டிருந்தது. முதலில் ஒரு குக்கர். அப்புறம் ஜீப். அப்புறம் பக்கத்து வீட்டுச் சவரிமுத்துவின் தும்மல். அந்த மனிதர் தும்மினால் கூரைத் தகரம் பேசும்.

நடிக்க வந்த பூங்கொடி மாலை பஸ்ஸில் மலை இறங்கிவிடுவாள். கடைசிக் காட்சி இல்லையென்றால், ஆறு வருடமாக எழுதி எழுதிக் கிழித்த படமே இல்லை.

போதாததற்கு இன்று கிரிக்கெட் இறுதிப் போட்டி. நல்ல நாள் பார்த்தாள் மகராசி.

டிவி சத்தத்தை நிறுத்திக்கொள்கிறோம் என்றார்கள் வரிசை வீட்டுக்காரர்கள். இவர்கள் கத்துவதை யார் நிறுத்துவது?

“ஆக்‌ஷன்.”

மாலை போட்ட கணவன் படத்தைப் பார்த்து பூங்கொடி திட்ட வேண்டும். அவளுக்கு எழுதிக் கொடுத்திருந்தது நாலு வரிதான்.

பூங்கொடி நாலு வரியில் நிற்கவில்லை.

எழுதாததையெல்லாம் திட்டினாள். திட்டிக்கொண்டே சிரித்தாள். கடைசியில் பேச்சு நின்றுபோய், முந்தானையால் படத்தின் கண்ணாடியைத் துடைத்தாள். துடைத்துக்கொண்டே இருந்தாள்.

கேமரா பக்கம் நின்று பார்த்துக்கொண்டிருந்தவளுக்குக் கண் நிறைந்தது.

‘கட்’ சொல்ல மறந்துபோனாள்.

ஒலிப்பதிவு செய்யும் ஃபாரூக் முழங்கையால் இடித்த பிறகுதான் சொன்னாள். வெளியே ஓடி, துண்டை உருவினாள்.

வரிசை முழுக்க ஒரே நேரத்தில் அலறியது.

விசில். தட்டில் கரண்டி. கட்டிப்பிடித்து ஆட்டம்.

ஒரு கணம், தன் காட்சிக்குத்தான் என்றே நினைத்துவிட்டாள்.

சவரிமுத்து வாசலுக்கு வந்தார். முதலில் ஆசை தீரத் தும்மினார்.

“ஜெயிச்சு எவ்ளோ நேரமாச்சும்மா! துண்ட எடுப்பீங்க எடுப்பீங்கன்னு அத்தன பேரும் வாயப் பொத்திக்கிட்டு உக்காந்திருக்கோம்.”

நன்றி சொல்லத்தான் வாயெடுத்தாள். இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிட்டாள்.

ஃபாரூக் உள்ளிருந்து எட்டிப் பார்த்தான். பதிவு இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. நிறுத்தட்டுமா என்று சைகையில் கேட்டான்.

வேண்டாம் என்று தலையசைத்தாள்.