அடிமாட்டு விலை

"பழைய பேப்பர்கூட இதைவிட நல்ல விலைக்குப் போகும் சார்!" புதுச் சாலைக்காக அரசு எடுக்கும் தன் நிலத்துக்குக் கூடுதல் விலை கேட்டு மளிகைக்கடைக்காரர் அதிகாரியிடம் மல்லுக்கு நின்றார்.

"பக்கத்து நிலம் போன வருஷம் வித்த விலையைத்தானே போட்டிருக்கோம்?"

"அது பொண்டாட்டி ஆபரேஷனுக்காக ஒருத்தன் அடிமாட்டு விலைக்கு வித்தது. அதைப் போய்க் கணக்குல சேர்க்கலாமா?"

"வித்தவரே வந்து அப்படிச் சொன்னா தள்ளிடுறோம்."

கடைக்காரர் வாசலுக்கு வந்து, தயங்கித் தயங்கித் தம்பிக்குப் போன் போட்டார்.

"தம்பி, உன் அவசரத்தைப் பார்த்து அடிமாட்டு விலைக்குத்தான் உன் நிலத்தை வாங்கினேன்னு ஆபீஸ்ல ஒரு வார்த்தை சொல்லுடா."



"நியாயமான விலைன்னு அன்னிக்குச் சாதிச்சீங்களேண்ணே. அதை நம்பித்தான், ஆபரேஷனுக்குப் பணம் பத்தாம அவ செத்துப் போனப்பகூட உங்களை நான் குறை சொல்லலே."