கொண்டக்டர் போட்ட சத்தம்

“நான் போட்ட ஒரு சத்தத்திலை, கனடாவிலை ஒருத்தன் எறிஞ்ச பந்து இன்னும் நிலத்துக்கு வரேல்லை!”

முகம் நிறையச் சவர்க்கார நுரையோடு தியாகராசா அறிவித்தார். மருதனார்மடச் சந்திச் சலூன் குலுங்கிச் சிரித்தது. இளைப்பாறிய பஸ் கொண்டக்டர் அவர். இங்கே நின்று கூப்பிட்டால் சுன்னாகத்தில் சனம் பொதியைத் தூக்கிக்கொண்டு ஓடிவரும் என்பது அவருடைய சொந்தக் கணக்கு.

“தியாகண்ணை, உந்தப் புளுகைக் கேட்டு என்ரை கத்தியே மழுங்கிப்போச்சு,” என்றான் சலூன்காரக் கோபிசங்கர். “இண்டைக்கு ஒரு ஆளாவது ‘ஓம், நடந்தது’ எண்டு சொல்லவேணும். இல்லையெண்டால் மீசை போகும். சம்மதமோ?”

தியாகராசாவுக்குத் திக்கென்றது. வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து வளர்த்த மீசை. அது இல்லாமல் போனால் மனைவி இராசமலர் வீட்டுக் கேற்றைத் திறக்கவே மாட்டா. ஆனால் வாய் விடவில்லை.

“சம்மதம்!”

“அப்ப உவர் தீர்ப்புச் சொல்லட்டும். வெளிநாட்டாள்.”

கத்தி வாங்கிலைக் காட்டியது. அதில் முப்பது வயது மதிக்கத்தக்க ஒரு புதுமுகம் இருந்தது. வலக்கை காற்சட்டைப் பொக்கற்றுக்குள் கிடக்க, இடக்கையால் பேப்பரைப் புரட்டிக்கொண்டிருந்தான். அவன் மட்டும் சிரித்திருக்கவில்லை.

தியாகராசா கதிரையோடு திரும்பினார். “தம்பி, பேஸ்போல் தெரியும்தானே? மைதானத்து நடுவிலை ஒரு மண்மேடு. அதிலை நிண்டு பந்தெறியிறவன்தான் ராசா. நான் கனடாவுக்கு மகளிட்டைப் போனநேரம் மருமோன் மச் பாக்கக் கூட்டிக்கொண்டு போனவர். அண்டைக்கு நிண்டது எங்கடை தெல்லிப்பழைப் பெடியன் எண்டும் சொன்னவர். சுத்திவர நாப்பதாயிரம் சனம்!”

“நாலாயிரம்தான் இருக்கும்,” என்றான் அவன், பேப்பரிலிருந்து கண்ணெடுக்காமல்.

“சரி, நாலாயிரம். பெடியன் கையை ஓங்கிறான். எனக்கு வாய் சும்மா கிடக்குமோ? ‘தெல்லிப்பழை, தெல்லிப்பழை, ஏறு!’ எண்டு பஸ்ஸிலை கத்தின மாதிரியே ஒரு சத்தம். ஓங்கின கை ஓங்கினபடி, தலை மட்டும் என்ரை பக்கம் திரும்பினது. பந்து கூரைக்கு மேலாலை போச்சு. இன்னும் தேடுறாங்கள்!”

“அவ்வளவு சனத்துக்குள்ளை ஒரு ஆளின்ரை குரல் கேளாது.” அவன் குரலில் நக்கலும் இல்லை, கோபமும் இல்லை, ஒன்றுமே இல்லை. “எல்லாரும் அப்பிடித்தான் சொன்னவை.”

“தீர்ப்பு வந்திட்டுது!” கோபிசங்கர் கிழவரின் தலையைப் பின்னால் சாய்த்தான். கத்தி மீசை நுனியைத் தொட்டது. தியாகராசா கண்ணை இறுக்கி மூடிக்கொண்டார்.

“விடுங்கோ அண்ணை. அது நடந்தது.”

கத்தி நின்றது. தியாகராசா நுரை தெறிக்கத் துள்ளி எழுந்தார்.

“கேட்டியோடா கோபி! தம்பி, நீரும் அங்கை இருந்தனீரோ? எந்தப் பக்கம்? அந்தப் பெடியன் இப்ப எவ்வளவு பெரிய ஆளாய் இருப்பான், என்ன?”

அவன் பேப்பரை வைத்தான். இடக்கையால் வலக்கையைப் பொக்கற்றுக்குள் இருந்து தூக்கி எடுத்து, விரல் மடங்காத அந்தக் கையை, வேறு யாருடையதையோ வைப்பது போல் மடியில் வைத்தான்.

“நான் மேட்டிலை நிண்டனான், ஐயா. தலை திரும்பினபடி எறிஞ்சதிலை தோள் நரம்பு அறுந்துபோச்சு. அதுதான் நான் எறிஞ்ச கடைசிப் பந்து.”