வண்டியில் இல்லாத மூன்றாவது ஆள்

கோர்ட் வராந்தாவின் கம்பி வழியே விழும் வெயில் ஸ்வீட்டியின் மடியில் கோடு கோடாகக் கிடக்கிறது. எட்டு வயது. இடது கையில் சுண்டுவிரல் இருந்த இடத்தை ஃபிராக் மடிப்புக்குள் ஒளித்து வைத்திருக்கிறாள். பக்கத்தில் அப்பா தனசிங், முழங்காலோடு முடிந்துபோன கால்மேல் ஊன்றுகோலைக் கிடத்தியிருக்கிறார். "ஸ்கூட்டர்ல மூணு பேர்னு தெரிஞ்சா தப்புல பாதியை உங்க தலையில கட்டிடுவாங்க. காலுக்கு வர்ற நஷ்டஈடும் பாதியாயிடும்," என்கிறார் அவர்களுடைய வக்கீல் பக்தவத்சலம். "அன்னைக்குப் பாப்பா வண்டியிலயே இல்ல. வீட்டு மாடிப்படியில விழுந்துட்டா. விரலுக்குத் தனியா கேஸ் எல்லாம் நக்கோ, வேணாம்." ஸ்வீட்டியின் அம்மா பெர்சிஸ் புருஷனைப் பார்க்கிறாள். அவர் ஊன்றுகோலின் ரப்பரைத் திருகிக்கொண்டிருக்கிறார். சைனிக்புரி திருப்பத்தில் லாரி இடித்தபோது மகளை நடுவில் வைத்து இறுக்கிப் பிடித்திருந்தவள் அவள்தான். "கை என்னாச்சும்மா?" என்று வக்கீல் கேட்டுப் பார்க்கிறார். ஸ்வீட்டிக்குத் தமிழ் புரியும், பதில் தெலுங்கில்தான் வரும். "லாரி..." என்று தொடங்குகிறாள். பெர்சிஸ் அவள் தொடையைக் கிள்ளுகிறாள். "மெட்ல மீத படிப்போயானு," என்று படியில் விழுந்த கதையைச் சொல்கிறது குழந்தை. "நல்லா சொல்றா," என்கிறார் வக்கீல். "இன்னொரு தடவை. அம்மாவைப் பார்க்காம சொல்லணும்." ஸ்வீட்டி அம்மாவைப் பார்க்காமல் சொல்கிறாள். சொல்லி முடித்த பிறகும் பார்க்கவில்லை.