நான்காவது ட்ரே

"சாவி ட்ரேயில சாவியைக் காணோமே! யார் எடுத்தா?"

மாமியாரின் குரல் கேட்டு மருமகள் சாவியும் கையுமாக ஓடி வந்தாள். அந்த வீட்டு அலமாரியில் சாவிக்கு ஒரு ட்ரே, மாத்திரைக்கு ஒன்று, மூக்குக்கண்ணாடிக்கு ஒன்று. எறும்புகூட அனுமதி கேட்டுத்தான் ஏற வேண்டும்.

"நான்தான் அத்தை... ட்ரேயைத் துடைக்கலாம்னு எடுத்தேன்."

"எது எங்க இருந்துச்சோ, அங்கயே வைன்னு எத்தனை தடவை சொல்றது?"

அலமாரியைத் திறந்து சாவியை அதன் ட்ரேயில் வைத்தாள். மூன்று ட்ரேக்களுக்கும் பின்னால் நான்காவதாக ஒரு ட்ரே. அதில் அவளுடைய கல்யாண போட்டோ. மேலே, மாமியார் தனக்குத்தானே எழுதி வைத்திருந்த சீட்டு:

"இவள் உன் மருமகள். நல்ல பெண். யாரென்று கேட்டுவிடாதே. பாவம், பயந்துவிடுவாள்."