மூன்றாவது அலறல்

ஒரு பழைய கிரேக்க நாடகத்தைக் கல்குவாரியிலேயே போட்டார்கள். ராஜா வேஷம் மேஸ்திரி நாச்சிமுத்துவுக்கு. சேர்ந்து பாடும் கோரஸ், கையில் சுத்தியலோடு கல்லுடைக்கும் பெண்கள்.

"ராஜாவைப் பாறைக்குப் பின்னால வெச்சுக் கொல்லுவாங்க, ரெண்டு தடவை கத்துவார். கோரஸ் யாரும் அங்கே போகக்கூடாது" என்று இயக்குநர் சொல்லியிருந்தார்.

நாச்சிமுத்து போனான், இரண்டு தடவை கத்தினான். பிறகு கல் சரியும் சத்தம். "ஐயோ, காலு" என்று மூன்றாவதாக ஓர் அலறல். நல்ல நடிப்பென்று கூட்டம் கைதட்டியது.

கோரஸ் பெண்கள் தங்களோடு நின்ற பாவாயியைப் பார்த்தார்கள். போன வருஷம் இதே பாறையடியில் அவள் புருஷன் சிக்கிக் கத்தியபோது, வேலை நிற்கக்கூடாதென்று, தூக்க ஓடிய அவர்களை விரட்டியவன் நாச்சிமுத்து.

"போலாமாக்கா?" என்றாள் ஒருத்தி.

பாவாயி சுத்தியலை எடுத்தாள்.

"கத்துறவன் கத்தட்டும். கல்லைத் தட்டுங்கடி. அன்னிக்கு அவன் சொன்னதுதான்."

எல்லாச் சுத்தியலும் ஒன்றாக இறங்கின.