மேம்பாலத்துக் குருவி
அதோ பாருங்கள் செல்லங்களே, மேம்பாலத்தை ஒட்டிய மாடியில் தையல்கார அக்கா கைப்பேசியைச் சன்னலுக்கு வெளியே நீட்டிப் பிடித்திருக்கிறாள். மணிக்கட்டில் ஒட்டிய நூல் துணுக்கு மாலை வெயிலில் மினுங்குகிறது. கீழே லாரிகள் உறுமுகின்றன. கம்பியில் ஒரு குருவி கீச்சுக் குரலில் பாடுகிறது. “இது நம்ம குருவி இல்லக்கா, அது தணிஞ்சு இழுக்குமே,” என்கிறாள் கடல் தாண்டி வாழும் தங்கை, ஸ்பீக்கரில். “பாலம் வந்தப்புறம் இந்த லாரிச் சத்தத்துல தணிஞ்ச குரல் எந்தப் பெட்டைக்குக் கேட்டுச்சுடி? கீச்சுக் குரல்காரனுங்களுக்குத்தான் ஜோடி அமைஞ்சுது, குஞ்சுங்களுக்கும் அதே கீச்சு. மத்தவனுங்க கட்டைப் பிரம்மச்சாரியாவே போய்ச் சேர்ந்துட்டானுங்க!” என்கிறாள் அக்கா. தங்கையின் சிரிப்பு பாதியில் நிற்கிறது. “அப்ப நான் வந்தாலும் அந்தப் பாட்டைக் கேக்க முடியாதா?” லாரிச் சத்தம் ஒரு கணம் ஓய்கிறது. அக்கா கைப்பேசியை வாயருகே இழுத்து, உதட்டைக் குவித்து, அந்தப் பழைய பாட்டைத் தணிவாக இழுக்கிறாள். கம்பியில் இருக்கும் குருவி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “இன்னொரு தடவைக்கா,” என்கிறாள் தங்கை.